யானைகளோடு ஓர் இரவு: தொண்டூழியம் செய்யக் கிளம்புகிறவர்கள் கேட்கும் கேள்விகள்

நீண்ட வாரயிறுதி நெருங்கினாலே நண்பர்கள், உறவினர்கள், கோயிலில் பார்க்கும் அக்காமார் என்று யாராவது கேட்டுவிடுகிறார்கள்: "தாய்லாந்தில் யானைகளோடு தங்கித் தொண்டூழியம் செய்யலாமாமே, நீங்கள் போயிருக்கிறீர்களே, எப்படி?" சிங்கப்பூரிலிருந்து கிளம்பி, இரண்டு பகல் ஓர் இரவு யானைகளின் பக்கத்தில் இருந்துவிட்டுத் திரும்புகிறவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளையும் அவற்றுக்கு என் பதில்களையும் இங்கே சேர்த்து எழுதியிருக்கிறேன்.

ஒரே ஓர் இரவில் யானைக்கு நம்மால் என்ன செய்துவிட முடியும்?

கையால் செய்வது கொஞ்சம்தான். பழங்களைக் கழுவுவீர்கள், பூசணியும் தர்பூசணியும் நறுக்குவீர்கள், வாழைத்தாரிலிருந்து சீப்புகளைப் பிரிப்பீர்கள், வண்டியில் புல்கட்டு ஏற்றுவீர்கள், கொட்டிலில் சாணம் அள்ளுவீர்கள். வளர்ந்த யானை ஒரு நாளைக்கு ஏறத்தாழ 150 கிலோ தீனி தின்னும், 100 லிட்டருக்கு மேல் தண்ணீர் குடிக்கும். ஆகையால் யானைப் புகலிடத்தில் பாதி வேலை சமையலறை வேலைதான்.

எனக்கு மிகவும் பிடித்தது சோற்று உருண்டை பிடிப்பது. யானைக்கு வாழ்நாளில் ஆறு தடவை கடைவாய்ப் பற்கள் முளைக்கும். ஒரு தொகுதி தேய்ந்ததும் பின்னாலிருந்து அடுத்தது நகர்ந்து வரும். ஆறாவதும் தேய்ந்துவிட்டால் அவ்வளவுதான், அதன்பின் புல்லை அரைக்க முடியாது. காட்டில் கிழட்டு யானைகள் பல பட்டினியால் சாவது இதனால்தான். புகலிடங்களில் அப்படிப்பட்ட பாட்டி யானைகளுக்காகச் சோறு, வாழைப்பழம், பூசணி எல்லாவற்றையும் பிசைந்து உருட்டிக் கொடுக்கிறார்கள். உங்கள் கை பிடித்த உருண்டையை அறுபது வயதைத் தாண்டிய ஒரு யானை மென்று விழுங்குவதைப் பார்ப்பது பெரிய விஷயம்.

ஆனால் உண்மையான உதவி நீங்கள் கட்டும் கட்டணம். தீவனம், மருந்து, பாகனின் சம்பளம் எல்லாம் அதிலிருந்துதான் வருகிறது. இரண்டு நாள் உழைப்பைவிட, அந்தப் பணம் எந்த மாதிரி இடத்துக்குப் போய்ச் சேருகிறது என்பதே யானைக்கு முக்கியம்.

எங்கே போகலாம்?

சிங்கப்பூரிலிருந்து போகிறவர்களில் பெரும்பாலோர் வட தாய்லாந்தில் உள்ள சியாங் மாய் நகரத்துக்குத்தான் போகிறார்கள். சாங்கியிலிருந்து நேரடி விமானத்தில் மூன்று மணி நேரம். அங்கிருந்து வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தள்ளி, மே தேங் பள்ளத்தாக்கில் எலிஃபண்ட் நேச்சர் பார்க் இருக்கிறது. லேக் சைலெர்ட் என்ற பெண்மணி தொடங்கி நடத்தும் இடம். நூற்றுக்கு மேற்பட்ட யானைகள் இருக்கின்றன. சவாரி கிடையாது, வித்தை காட்டுவது கிடையாது. ஒரு நாள் வருகை, ஓர் இரவுத் தங்கல், ஒரு வாரத் தொண்டூழியம் என்று மூன்று வகையாகப் போகலாம். ஓர் இரவுக் கட்டணத்திலேயே நகரத்திலிருந்து அழைத்துப் போய் விடுவது, தங்குமிடம், சாப்பாடு எல்லாம் அடங்கும். சியாங் மாயைச் சுற்றி வேறு பல இடங்களும் இதேபோல் நடக்கின்றன. தரம் ஒன்றுக்கொன்று மிகவும் வேறுபடும். அதற்கு அடுத்த கேள்வியைப் பாருங்கள்.

தரைவழிப் பயணம் பிடிக்கும் என்றால் பகாங் மாநிலம் லஞ்சாங்கில் உள்ள கோலா கண்டா. மலேசிய வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தான் 1989 முதல் நடத்தும் தேசிய யானைப் பாதுகாப்பு நிலையம். கோலாலம்பூரிலிருந்து காரில் இரண்டு மணி நேரம். தோட்டங்களுக்குள் புகுந்துவிடும் காட்டு யானைகளைப் பிடித்துப் பெரிய காடுகளில் கொண்டுபோய் விடும் பணியை அந்தத் துறை 1974 முதல் செய்துவருகிறது. காட்டு யானைகளைப் பிடிக்கத் தமிழ்நாட்டில் 'கும்கி' என்ற பழக்கிய யானைகள் செய்யும் வேலையை அங்கேயும் பழக்கிய யானைகள்தான் செய்கின்றன. ஆனால் கோலா கண்டா முக்கியமாகப் பகல் நேர வருகைக்கான இடம். இரவுக்கு லஞ்சாங் அல்லது தெமர்லோ பக்கம் தங்கிக்கொள்ள வேண்டும்.

நல்ல இடமா, வெறும் பெயர்ப்பலகையா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

'சரணாலயம்', 'மீட்பு மையம்' என்று யார் வேண்டுமானாலும் பலகை மாட்டிக்கொள்ளலாம். ஆகவே பெயரைப் பார்க்காதீர்கள். பணம் கட்டுவதற்கு முன் மின்னஞ்சலில் நேராகக் கேளுங்கள். சவாரி உண்டா? யானை படம் வரைகிறதா, பந்து உதைக்கிறதா? குட்டிகள் எத்தனை, அவை எங்கிருந்து வந்தன? யானைகள் ஒரு நாளில் எத்தனை மணி நேரம் தன்னிச்சையாக உலாவுகின்றன? இரவில் எங்கே நிற்கின்றன?

என் அனுபவத்தில் நம்பகமான அடையாளம் ஒன்றுதான். அந்த இடம் உங்களுக்கு எதையெல்லாம் மறுக்கிறது என்று பாருங்கள். யானைக்கு இவ்வளவு தூரத்தில்தான் நிற்க வேண்டும், இந்த யானையின் பக்கம் போகக்கூடாது, இன்றைக்கு அதற்கு மனநிலை சரியில்லை, அதனால் தீனி ஊட்டுவது இல்லை என்று சொல்கிற இடமே யானைக்காக நடக்கிற இடம். 'கட்டிப்பிடிக்கலாம், முத்தம் கொடுக்கலாம், சேற்றில் புரளலாம்' என்று விளம்பரம் செய்கிற இடத்தில் அந்த யானை காலையிலும் மாலையிலும் புதுப்புது மனிதர்கள் தன்னைத் தொடுவதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். அந்தப் பொறுமையை அதற்கு எப்படிக் கற்றுக்கொடுத்திருப்பார்கள் என்று ஒரு நிமிடம் யோசியுங்கள். தாய்லாந்தில் குட்டியைத் தாயிடமிருந்து பிரித்து, மரச்சட்டத்துக்குள் கட்டிப்போட்டு அடக்கும் பழைய முறைக்குப் 'பஜான்' என்று பெயர்.

பாகனின் கையில் அங்குசத்தையோ யானையின் காலில் சங்கிலியையோ பார்த்த உடனே அது கொடுமைக்காரர்களின் இடம் என்று முடிவுகட்ட வேண்டாம். மதம் பிடித்த ஆண் யானையைச் சில வாரங்கள் தனியாகக் கட்டிவைப்பது அதற்கும் மற்றவர்களுக்கும் பாதுகாப்பு. சங்கிலி எவ்வளவு நேரம், எதற்காக என்று பாகனிடமே கேளுங்கள். வட தாய்லாந்தில் பாகன்கள் பலர் கரென் இன மக்கள். அவர்களிடம் அந்த யானையைப் பற்றி விசாரித்தால் முகம் மலர்ந்து பேசுவார்கள்.

அங்கே இருக்கும் யானைகள் எங்கிருந்து வந்தவை?

தாய்லாந்தில் யானைகள் காலங்காலமாகக் காட்டில் மரம் இழுத்துவந்தன. 1988 நவம்பரில் தெற்கே பெரும் வெள்ளமும் நிலச்சரிவும் வந்து ஊர்கள் அழிந்தன. மலைகளை மொட்டையடித்ததுதான் காரணம் என்று மக்கள் கொதித்தார்கள். 1989 ஜனவரியில் அரசு மரம் வெட்டுவதைத் தடைசெய்தது. காட்டுக்கு அது நல்லது. ஆனால் ஆயிரக்கணக்கான யானைகளும் பாகன்களும் ஒரே நாளில் வேலை இழந்தார்கள். சில யானைகள் பாங்காக் தெருக்களில் கரும்பு விற்கவும் பிச்சை எடுக்கவும் வந்தன. மற்றவை சுற்றுலாப் பயணிகளை முதுகில் சுமக்கத் தொடங்கின. இன்று புகலிடங்களில் பார்க்கும் வயதான யானைகள் பலவற்றின் கதை இதுதான். முதுகெலும்பு வளைந்திருக்கும், இடுப்பு உடைந்து கூடியிருக்கும், சிலவற்றுக்குக் கண் தெரியாது.

எல்லையோரக் கண்ணிவெடியில் கால் இழந்தவையும் உண்டு. மோத்தாலா என்ற யானை 1999-இல் அப்படி மிதித்து ஒரு முன்னங்காலை இழந்தது. லம்பாங் யானை மருத்துவமனையில் பல ஆண்டுகள் பராமரித்து, 2009-இல் அதற்கு நிலையான செயற்கைக்கால் பொருத்தினார்கள்.

அப்படியானால் எல்லாவற்றையும் காட்டிலேயே விட்டுவிட வேண்டியதுதானே?

பலரும் கேட்பது, நியாயமான கேள்வியும்கூட. முதலில் சட்டம். தாய்லாந்தில் வளர்ப்பு யானை 1939-ஆம் ஆண்டுச் சட்டப்படி மாடு, குதிரை போல ஒருவருடைய சொத்து. உரிமையாளர் விற்றால்தான் புகலிடம் வாங்க முடியும். அப்புறம் காடு. மூவாயிரத்துக்கும் மேற்பட்ட வளர்ப்பு யானைகளை விடுவதற்குப் போதுமான காடு அங்கே இல்லை. இருக்கும் காட்டு யானைகளே வயல்களுக்குள் வந்து மனிதர்களோடு மோதுகின்றன. மனிதரைக் கண்டு பயப்படாமல் வளர்ந்த யானை வெளியே போனால் முதலில் தேடிப் போவது ஏதாவது ஒரு வாழைத் தோட்டத்தைத்தான்.

நமக்குப் பக்கத்து நாட்டிலும் நிலைமை இதேதான். 2025 மே மாதம், அன்னையர் தினத்தன்று, பேராக்கின் கிரிக் - ஜெலி நெடுஞ்சாலையில் லாரி மோதி ஒரு குட்டி இறந்தது. குட்டி லாரிக்கடியில் கிடக்க, தாய் அந்த லாரியைத் தலையால் முட்டி முட்டி நின்றதை மலேசியாவும் சிங்கப்பூரும் காணொளியில் பார்த்தன. காட்டின் நடுவே சாலை போட்டால் அந்தத் தாய் எங்கே நடப்பாள்?

குளிப்பாட்டலாமா? பிள்ளைகள் அதற்காகத்தான் வரவே சம்மதித்தார்கள்.

வேண்டாம். யானைக்குத் தானாகக் குளிக்கத் தெரியும். குளித்து முடித்ததும் மண்ணை அள்ளி மேலே போட்டுக்கொள்ளும். வெயிலுக்கும் பூச்சிக்கும் அதுதான் மருந்து. நாம் தேய்த்துக் கழுவுவது அந்த மண்ணைத்தான்.

ஆபத்தும் உண்டு. 2025 ஜனவரியில் தெற்குத் தாய்லாந்தின் தீவு ஒன்றில், யானையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்த ஸ்பெயின் நாட்டு மாணவி ஒருவரை அந்த யானை குத்தியதில் அவர் உயிரிழந்தார். சவாரி இல்லாத, 'பராமரிப்பு' என்று பெயர் வைத்த இடத்தில்தான் இது நடந்தது. ஓடையில் யானைகள் தாமாகப் புரள்வதைக் கரையிலிருந்து பார்க்கச் சொல்லுங்கள். குட்டி ஒன்று தண்ணீரில் குப்புற விழுந்து எழுவதைப் பார்த்தால் பிள்ளைகள் கேட்டதையே மறந்துவிடுவார்கள்.

கோயில் யானையிடம் ஆசீர்வாதம் வாங்கி வளர்ந்தவர்கள் நாங்கள். தும்பிக்கையைத் தொட்டுக் கும்பிடக்கூடாதா?

இந்தக் கேள்வியை நான் லேசாக எடுத்துக்கொள்வதில்லை. சின்ன வயதில் தமிழ்நாட்டுக்குப் போனபோது தலையில் தும்பிக்கை பட்ட அந்தக் கணம் எனக்கும் மறக்கவில்லை. புதுச்சேரி மணக்குள விநாயகர் கோயில் யானை லட்சுமி 2022 நவம்பர் 30 அன்று நடைப்பயிற்சியின்போது சாய்ந்து இறந்தபோது ஊரே திரண்டு அழுதது. இங்கே சிராங்கூன் சாலையில் இருந்தவர்கள்கூடக் கைப்பேசியில் அந்த ஊர்வலத்தைப் பார்த்துக் கண் கலங்கினார்கள். அந்த அன்பு பொய்யில்லை.

ஆனால் காட்டில் யானை எப்படி வாழ்கிறது என்று தெரிந்துகொண்டபின் என் பார்வை மாறியது. மூத்த பெண் யானை முன்னே போக, அக்கா தங்கை, மகள், பேரப்பிள்ளைகள் என்று கூட்டமாகத்தான் அது வாழும். நாள் முழுக்க நடந்துகொண்டே தின்னும். ஒற்றை யானையைக் கல்தரையில் நிறுத்தி, வருகிறவர் தலையையெல்லாம் தொடவைத்தால் அதற்கு அந்த வாழ்க்கை இல்லை. புகலிடத்தில் தள்ளி நின்று கைகூப்புங்கள். பிள்ளையாரை நினைத்துக்கொள்ளுங்கள். யாரும் தடுக்க மாட்டார்கள்.

தும்பிக்கை நுனி யானைக்கு மூக்கும் கையும் சேர்ந்த உறுப்பு. முன்பின் தெரியாதவர் அதைத் தொட வருவது அதற்குப் பிடிக்காமல் போகலாம். அதுவாக நீட்டி முகர்ந்தால் அசையாமல் நில்லுங்கள்.

இரவில் என்ன நடக்கும்? யானையைப் பார்க்க முடியுமா?

பெரும்பாலும் கேட்கத்தான் முடியும், அதற்காகவே ஓர் இரவு தங்கலாம் என்பேன். பகல் வருகையாளர்கள் மாலையில் போய்விடுவார்கள். பேச்சுச் சத்தம் அடங்கும். யானை ஓர் இரவில் சில மணி நேரம்தான் தூங்கும், மீதி நேரமெல்லாம் தின்னும். உங்கள் குடிசைக்குப் பக்கத்திலேயே கொட்டில் இருந்தால் மட்டை முறிபடும் சத்தம், காது விசிறும் சத்தம், நடுவே ஓர் உறுமல் என்று விடிய விடியக் கேட்கும். அந்த உறுமலில் பாதி நம் காதுக்கு எட்டாத தாழ்ந்த ஒலி. 1984-இல் அமெரிக்காவின் போர்ட்லாந்து விலங்குத் தோட்டத்தில் ஆசிய யானைகளின் அருகே நின்ற கேட்டி பெயின் என்ற ஆய்வாளர், காற்றில் ஏதோ அதிர்வதை உடம்பில் உணர்ந்துதான் இதைக் கண்டுபிடித்தார். மரத்தரையில் படுத்திருக்கும்போது அந்த அதிர்வு நெஞ்சில் லேசாகப் படுவதுபோல எனக்கும் தோன்றியிருக்கிறது.

இரவில் குடிசையை விட்டு யானைகள் இருக்கும் பக்கம் போகக்கூடாது. கைவிளக்கு அடித்துப் பார்ப்பதும் கூடாது.

தங்குமிடம் எளிமையாக இருக்கும்: மின்விசிறி, கொசுவலை, குளியலறை. பல்லி, தவளை எல்லாம் வந்து போகும்.

எந்த மாதத்தில் போவது?

நவம்பர் முதல் ஜனவரி வரை மிகவும் நல்லது. குளிராக இருக்கும், இரவில் 15 டிகிரி அளவுக்கு இறங்கும். டிசம்பர் பள்ளி விடுமுறையில் இடம் சீக்கிரம் நிரம்பிவிடும் என்பதால் சில மாதங்கள் முன்பே பதிவுசெய்யுங்கள்.

பிப்ரவரி பிற்பாதி முதல் ஏப்ரல் வரை தவிர்த்துவிடுங்கள். வயல்களையும் காட்டுச் சருகையும் எரிக்கும் காலம் அது. சியாங் மாய் புகையில் மூழ்கும். மார்ச் பள்ளி விடுமுறையில் ஆஸ்துமா உள்ள பிள்ளையைக் கூட்டிப்போவது சரியல்ல.

ஜூன் விடுமுறையில் மழை தொடங்கியிருக்கும், சேறாக இருக்கும், ஆனால் காடு பச்சைப்பசேல் என்று இருக்கும். செப்டம்பர், அக்டோபரில் வெள்ளச் செய்திகளைக் கவனித்துக்கொண்டு போங்கள். 2024 அக்டோபரில் ஆறு கரைபுரண்டு எலிஃபண்ட் நேச்சர் பார்க்கையே மூழ்கடித்தது. யானைகளை அவசரமாக மேட்டுக்கு ஓட்டியும் இரண்டு யானைகள் அடித்துச் செல்லப்பட்டு இறந்தன. அவற்றில் ஒன்றுக்குக் கண் தெரியாது.

சிறு பிள்ளைகள், வயதான பெற்றோர் வரலாமா?

வரலாம். வயது வரம்பு இடத்துக்கு இடம் மாறும், கேட்டுக்கொள்ளுங்கள். ஓடிப்போய் எதையும் தொடும் வயதில் இருக்கும் பிள்ளையை இன்னும் ஓரிரு வருடம் கழித்துக் கூட்டிப்போங்கள். முழங்கால் வலி உள்ள அம்மா அப்பாவுக்குச் சாணம் அள்ளும் வேலை வேண்டாம், காய் நறுக்கும் வேலை சரியாக இருக்கும். பூசணி நறுக்குவதில் நம் அம்மாமாரை யாரும் மிஞ்ச முடியாது.

சைவச் சாப்பாடு கிடைக்குமா?

எலிஃபண்ட் நேச்சர் பார்க்கில் பரிமாறுவதே சைவம்தான். சியாங் மாய் நகரத்தில் மட்டும் கவனம் வேண்டும். காய்கறி வதக்கலிலும் மீன் சாறு ஊற்றுவார்கள். 'ஜே' என்று சொன்னால் மீன், முட்டை, பால் எதுவும் சேர்க்காத உணவு என்று கடைக்காரருக்குப் புரியும். மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்துப் போட்ட கடைகளைத் தேடுங்கள்.

ஆவணங்கள்?

கடப்பிதழ் குறைந்தது ஆறு மாதம் செல்லுபடியாக வேண்டும். 2025 மே 1 முதல் தாய்லாந்துக்குள் நுழையும் வெளிநாட்டவர் எல்லாரும் வருகை அட்டையை முன்கூட்டியே இணையத்தில் நிரப்ப வேண்டும். அது இலவசம். காசு கேட்கும் இணையத்தளம் போலி. சிங்கப்பூர்க் கடப்பிதழுக்கு விசா தேவையில்லை. இந்தியக் கடப்பிதழ் வைத்திருப்பவர்கள் விதி மாறியிருக்கிறதா என்று தாய்லாந்துத் தூதரகத்தின் தளத்தில் பார்த்துவிட்டு விமானச்சீட்டு வாங்குங்கள். நிரந்தரவாசிகள் மறுநுழைவு அனுமதி காலாவதியாகவில்லையா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

உடல்நலத்துக்கு என்ன முன்னெச்சரிக்கை?

இருமல் இருந்தால் போகாதீர்கள். மனிதருக்கு வரும் அதே காசநோய்க் கிருமி யானைக்கும் தொற்றும், யானையிடமிருந்து மனிதருக்கும் தொற்றும். சிகிச்சை மாதக்கணக்கில் இழுக்கும். பயணத்தைத் தள்ளிவைத்தால் நட்டம் கொஞ்சம் பணம்தான்.

புகலிடங்களில் மீட்கப்பட்ட நாய்கள் நிறைய இருக்கும். சிங்கப்பூரில் வெறிநாய்க்கடி நோய் இல்லை, தாய்லாந்தில் உண்டு. நாய் கடித்தாலோ பிறாண்டினாலோ உடனே சோப்புப் போட்டு நன்றாகக் கழுவிவிட்டு அன்றைக்கே மருத்துவரிடம் போங்கள். டெட்டனஸ் ஊசி போட்டுப் பத்து ஆண்டு ஆகிவிட்டதா என்று கிளம்புவதற்கு முன் பார்த்துக்கொள்ளுங்கள். கொசு மருந்து பூசிய கையோடு யானைத் தீனியைத் தொடாதீர்கள், கழுவிவிட்டுத் தொடுங்கள்.

என்ன எடுத்துக்கொள்வது?

அழுக்கானாலும் பரவாயில்லை என்கிற துணி, நீளக் காற்சட்டை, சேற்றுக்கு ஏற்ற காலணி, தொப்பி, மழைச்சட்டை, தலையில் மாட்டும் சிறு விளக்கு, தண்ணீர்ப் புட்டி. வாசனைத் தைலம் வேண்டாம்.

படம் எடுக்கலாமா?

தாராளமாக, ஃபிளாஷ் இல்லாமல். யானைக்கு முதுகைக் காட்டி நின்று எடுக்காதீர்கள். அது உங்களுக்கு ஆபத்து. யானையைக் கட்டிப்பிடித்த மாதிரிப் படம் போட்டால் அதைப் பார்க்கும் இருபது பேர் அதே மாதிரிப் படம் எடுக்க இடம் தேடுவார்கள், அதற்கென்று யானையைப் பழக்குகிறவர்களும் கிடைப்பார்கள். தூரத்தில் மேயும் யானையைப் போடுங்கள்.

வெளிநாடு போகாமல் சிங்கப்பூரிலேயே ஏதாவது செய்ய முடியாதா?

முடியும். மண்டாய் வனவிலங்குக் குழுமத்தில் தொண்டூழியர் திட்டம் இருக்கிறது. யானையின் பக்கத்தில் நிற்கும் வேலை அல்ல, வருகையாளர்களுக்கு விலங்குகளைப் பற்றி எடுத்துச் சொல்லும் வேலை. தமிழில் சொல்லத் தெரிந்தவர்கள் போனால் நம் தாத்தா பாட்டிகளுக்கு எவ்வளவு நன்றாக இருக்கும்!

சிங்கப்பூருக்கும் காட்டு யானைக்கும் சம்பந்தமில்லை என்று நினைக்காதீர்கள். 1990-இல் மூன்று யானைகள் ஜொகூரிலிருந்து நீந்தித் தெக்கோங் தீவுக்கே வந்துவிட்டன. மலேசிய வனவிலங்குத் துறையினர் வந்து பிடித்து, திரும்ப ஜொகூர்க் காட்டுக்குக் கொண்டுபோனார்கள்.

அங்கிருந்து யானை முடி மோதிரம் வாங்கிவரச் சொல்கிறார் மாமியார். வாங்கலாமா?

வாங்கக்கூடாது. ஆசிய யானையின் தந்தம், தோல், முடி எதுவாக இருந்தாலும் அனைத்துலக ஒப்பந்தப்படி எல்லை தாண்டி வணிகம் செய்யத் தடை உள்ளது. கடைக்காரர் "இது தானாக உதிர்ந்த முடி" என்று சொன்னாலும் சாங்கியில் அந்தப் பதில் எடுபடாது. 2019 ஜூலையில் சிங்கப்பூர் ஒரே தடவையில் பிடித்த தந்தம் 8.8 டன். ஏறத்தாழ 300 ஆப்பிரிக்க யானைகளுடையது. 2021 செப்டம்பர் 1 முதல் உள்நாட்டிலும் தந்த விற்பனைக்குத் தடை.

மாமியாருக்கு யானைச் சாணக் காகிதத்தில் செய்த குறிப்பேடோ, மலைக்கிராமத்துப் பெண்கள் நெய்த தோள்பையோ வாங்கிவாருங்கள். சியாங் மாய்ச் சந்தையிலும் புகலிடங்களின் கடையிலும் கிடைக்கும். மோதிரம் ஏன் வரவில்லை என்று அவர் கேட்டால், லட்சுமியின் ஊர்வலத்தை அவரும் பார்த்திருப்பார், அதைச் சொல்லிப் பேச்சைத் தொடங்கலாம்.